செல்லூர் மொட்டைமாடியில் லண்டன் பாலம்: ஒரு குட்டி புரொஜெக்டரும் ஒரு பழைய ஆபரேட்டரும்

மதுரையில் ஒரு தியேட்டர் கேபினுக்குள் 33 வருடம் நின்றவன் நான். புரொஜெக்டர் விளக்கில் கார்பன் குச்சி எரிகிற வாசனை இன்னும் சட்டையில் இருக்கிறது என்று வீட்டில் சொல்வார்கள். அப்படிப்பட்டவன் வீட்டுக்கு ஒரு குட்டி எல்.இ.டி. புரொஜெக்டர் வாங்கினேன் என்றால் காரணம் என் தங்கச்சி மகன்தான்.

அவன் விஸ்காம் படிக்கிறான். விக்டோரியா ராணி காலத்தில், அதாவது 1901 ஜனவரியில் அந்த அம்மா இறப்பதற்கு முன்னால், கேமராக்காரர்கள் ஊர்களையும் பாலங்களையும் எப்படிப் படம் பிடித்தார்கள் என்று எழுதி வரச் சொல்லியிருக்கிறார்கள். ஒரு பென்டிரைவ் நிறைய அந்தக் காலத்துப் படங்களை இறக்கி வைத்துக்கொண்டு போனில் பார்த்துக்கொண்டிருந்தான். "ஏன்டா மாப்ளே, பாலத்தை உள்ளங்கையில் வைத்துப் பார்த்தால் என்ன தெரியும்?" என்று கேட்டுவிட்டேன். அந்த ஒரு கேள்விக்கு 14,500 ரூபாய் ஆனது.

டவுன்ஹால் ரோட்டுப் பக்கம் ஒரு கடை. பெயர் வேண்டாம், கம்பெனி பெயரும் வேண்டாம்; இந்த விலைக்கு வருகிற பெட்டிகள் எல்லாம் ஏறக்குறைய ஒரே குட்டையில் ஊறிய மட்டைகள். அட்டைப்பெட்டியில் '4கே' என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தது. பொடி எழுத்தில் 'சப்போர்ட்' என்றும் இருந்தது. 4கே ஃபைலைக் கொடுத்தால் வாங்கிக்கொள்ளும், காட்டுவது அதற்கு வெகு கீழே. இதை விற்கிற பையனிடம் சொன்னேன். சிரித்தான். சரி, வாங்குகிறவனுக்கும் விற்கிறவனுக்கும் தெரிந்திருந்தால் அது பொய் இல்லை என்று நானும் சிரித்துவிட்டு வந்தேன்.

மூன்றாம் நாள் ரிமோட் செத்தது. கடையில் கேட்டால் சென்னைக்கு அனுப்ப வேண்டும் என்றார்கள். ரிமோட்டை எதற்கப்பா சென்னைக்கு அனுப்ப வேண்டும்? ஒன்பது நாள் நடையாய் நடந்து வேறு ரிமோட் வாங்கினேன். இதோடு அந்தக் கதை முடிந்தது. இனி படத்துக்கு வருவோம்.

மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டிச் சுவரில் வெள்ளையடித்து, ராத்திரி எட்டு மணிக்கு முதல் படத்தைப் போட்டோம். பிளாக்ஃபிரையர்ஸ் பாலம், லண்டன், 1896. எடுத்தவர் ராபர்ட் பால். பாலத்தின் தென்கோடியில் கேமராவை வைத்திருக்கிறார். குதிரை வண்டிகள் வருகின்றன, தொப்பி போட்டவர்கள் நடக்கிறார்கள். ஆனால் குதிரை எல்லாம் எருமை மாதிரி இருந்தது. தொப்பி எல்லாம் சப்பாத்திக் கல் அகலம்.

எனக்குப் புரிந்துவிட்டது. அந்தக் காலத்துப் பிரேம் அகலம் நாலு என்றால் உயரம் மூன்று. இந்தப் பெட்டி எதைக் கொடுத்தாலும் பதினாறுக்கு ஒன்பதாக இழுத்து விடுகிறது. சுவர் முழுக்க ரொம்பினால்தான் கொடுத்த காசுக்கு மதிப்பு என்று எந்தப் புண்ணியவான் நினைத்தானோ. செட்டிங்ஸுக்குள் போய், அதற்குள் போய், அதற்கும் உள்ளே போய் 4:3 என்பதைத் தேடிப் பிடித்தேன். குதிரை குதிரையானது. பெட்டியை அணைத்துப் போட்டால் மறுபடி எருமை. ஒவ்வொரு தடவையும் மாற்ற வேண்டியிருக்கிறது. இதற்கே அரை மார்க் குறைக்கிறேன்.

அடுத்தது வேகம். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பழைய படம் என்றாலே ஆட்கள் கோழி மாதிரி தத்தித் தத்தி ஓடுவார்கள் என்று எல்லோரும் நம்பிக்கொண்டிருக்கிறார்கள். அன்றைக்குப் பெரும்பாலான கேமராக்களில் மோட்டார் கிடையாது, கைப்பிடிதான். லூமியர் சகோதரர்களின் கேமராவில் ஒரு சுற்றுக்கு 8 பிரேம். செகண்டுக்கு இரண்டு சுற்று, ஆக 16 பிரேம். பிற்பாடு பேசும் படம் வந்தபோது 24 என்று நிலைத்தது. 16-ல் எடுத்ததை 24-ல் ஓட்டினால் 48 செகண்ட் நடந்த மனிதன் 32 செகண்டில் நடந்து முடித்தாக வேண்டும். ஓடாமல் என்ன செய்வான்? தப்பு அவன் காலில் இல்லை, ஓட்டுகிறவன் கையில்.

பென்டிரைவில் இருந்தவற்றில் பாதி அப்படி வேகமாக்கப்பட்டவைதான். இந்தப் பெட்டிக்குள் இருக்கும் பிளேயரில் வேகத்தைக் குறைக்கும் வசதி இருக்கிறது. 0.75 என்று வைத்தால் 24 என்பது 18 ஆகும். 16 இல்லைதான், ஆனாலும் போதும். பாலத்தின் மேல் வந்துகொண்டிருந்தவர்களின் தோள் இறங்கியது, கை வீச்சு நிதானமானது. அதில் ஒருவர் நடந்துகொண்டே கேமராவை ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போகிறார். வேகமாக ஓட்டியபோது அந்தப் பார்வையே எங்கள் கண்ணில் படவில்லை. என் மருமகன் அதை நாலு தடவை போட்டுப் பார்த்தான். இந்த வசதிக்காகப் பெட்டிக்கு முழு மார்க் தருகிறேன்.

ராபர்ட் பாலைப் பற்றி ஒரு வார்த்தை. மனுஷன் சினிமாக்காரர் இல்லை. லண்டன் ஹாட்டன் கார்டனில் மின் கருவிகள் செய்துகொண்டிருந்தவர். எடிசன் தன் கினெட்டோஸ்கோப்புக்கு, அதாவது ஒருவர் மட்டும் குனிந்து துளை வழியாகப் படம் பார்க்கும் பெட்டிக்கு, இங்கிலாந்தில் பேட்டன்ட் வாங்காமல் விட்டதால், இவர் அதைப் பார்த்து அப்படியே செய்து விற்றிருக்கிறார். அப்புறம் கேமரா, அப்புறம் புரொஜெக்டர். அவர் 1896-ல் செய்த புரொஜெக்டரில், ஃபிலிமை விட்டுவிட்டு நகர்த்தும் மால்டீஸ் கிராஸ் சக்கரம் போட்டிருந்தார் என்று படித்ததும் எனக்குக் கை துறுதுறுத்தது. ஒரு பிரேமை இழு, நிறுத்து, வெளிச்சம் காட்டு, மறுபடி இழு. அந்தச் சின்ன இரும்புப் பூவை நான் எத்தனை தடவை கழற்றி, எண்ணெய் பார்த்து, மாட்டியிருப்பேன்! 2000-க்குப் பிறகும் எங்கள் கேபினில் அதேதான் சுற்றிக்கொண்டிருந்தது. அதே 1896-ல் லண்டன் லெஸ்டர் சதுக்கத்தில் ஆல்ஹம்ப்ராவில் பாலின் படங்கள், அதே சதுக்கத்தில் எம்பயரில் லூமியர் படங்கள். இரண்டு தியேட்டர்காரர்கள் எதிரும் புதிருமாக நிற்பது மதுரைக்காரனுக்குப் புதிதா என்ன?

அவருடைய ரோல்கள் பல 40 அடிதான். எங்களுக்கு ஒரு ரீல் 1000 அடி, 11 நிமிடம் ஓடும். ஒரு டிரெய்லரே 200 அடி வரும். 40 அடி என்றால் 640 பிரேம், கையால் சுற்றினால் 40 செகண்ட். அவ்வளவு கொஞ்சத்தை வைத்துக்கொண்டு ஒரு பாலத்தை எப்போது சுற்ற ஆரம்பிப்பது, எப்போது விடுவது? வெட்டி ஒட்டுகிற பேச்சே இல்லை. நல்ல வண்டி வரும் வரை காத்திருக்க வேண்டும், வந்ததும் சுற்ற வேண்டும், நடுவில் எது குறுக்கே வந்தாலும் அதுதான் படம்.

அதே பென்டிரைவில் இன்னொரு பாலமும் இருந்தது. லீட்ஸ் பாலம், 1888. லூயி லெ பிரான்ஸ் என்ற பிரெஞ்சுக்காரர் ஒரு கடையின் ஜன்னலிலிருந்து எடுத்தது, அதுவும் பேப்பர் சுருளில். மிஞ்சியது சுமார் 20 பிரேம்தான். கண் இமைத்தால் முடிந்துவிடும், அதனால் திரும்பத் திரும்ப ஓடும்படி யாரோ செய்து வைத்திருக்கிறார்கள். ஒரு வண்டி வளைகிறது, ஆட்கள் குறுக்கே போகிறார்கள், மறுபடி அதே வண்டி. எடுத்தவர் கதைதான் மனசைப் பிசைந்தது. 1890 செப்டம்பரில் டிஜான் என்ற ஊரில் பாரிஸ் ரயில் ஏறினார். பாரிஸில் இறங்கவில்லை. ஆள் கிடைக்கவே இல்லை. "என்ன மாமா, கதை மாதிரி இருக்கு" என்றான் இவன்.

லீட்ஸ் பாலத்தை அவர் எடுத்த மறுவருடம், 1889-ல், நம்ம வைகை மேல் ஆல்பர்ட் விக்டர் பாலம் திறந்திருக்கிறது. ஏ.வி. பாலம் என்று வாய்க்கு வாய் சொல்கிறோம், விக்டோரியா ராணியின் பேரன் பெயர் என்று எத்தனை பேருக்குத் தெரியும்? செகண்ட் ஷோ முடிந்து ராத்திரி ஒன்றரை மணிக்கு அந்தப் பாலத்தில் சைக்கிள் மிதித்து செல்லூர் வந்தவன் நான். அந்த நேரத்தில் அதில் நாய்களும் நானும்தான்.

மதுரைக்கு அந்த நூற்றாண்டில் கிடைத்த கேமராவும் பென்டிரைவில் இருந்தது, ஆனால் போட்டோவாக. லினேயஸ் டிரைப் என்ற ராணுவ அதிகாரி 1858-ல் எடுத்தவை. மீனாட்சி கோயில், திருமலை நாயக்கர் மகால். மகால் அப்போது இடிந்து கிடக்கிறது. கவர்னர் நேப்பியர் காலத்தில்தான் பழுது பார்த்தார்கள். அகலமான பேப்பர் நெகட்டிவ், நீண்ட நேரம் லென்ஸைத் திறந்து வைத்து எடுத்தது. அதனால் அசைகிற எதுவும் பதியாது. கல் மட்டும் கல்லாக நிற்கிறது, ஊரைக் காணோம். இந்தப் பெட்டி இவற்றைத்தான் இருப்பதிலேயே நன்றாகக் காட்டியது. தூணில் விழுந்திருக்கும் நிழலின் விளிம்புகூட கத்தி மாதிரி இருந்தது. ஒரு மூலையில் மட்டும் ஃபோகஸ் நழுவுகிறது. நடுவைச் சரி செய்தால் வலது மேல்மூலை மங்கும். விலைக்கு ஏற்ற லென்ஸ்.

ஃபோகஸ் பார்க்க எனக்கு ஒரு பழக்கம் உண்டு. நடிகன் முகத்தைப் பார்க்க மாட்டேன், ஃபிலிமின் கிரெய்னைப் பார்ப்பேன். பொடி மணல் மாதிரி கொதிக்கிறது தெரிந்தால் ஃபோகஸ் விழுந்துவிட்டது. பாலம் படத்தில் வானத்தில் அந்த மணல் தெரிந்தது, மகிழ்ச்சி. இருட்டான படங்களில் தெரியவில்லை. கறுப்பு வரவே இல்லை, சாம்பல்தான். தெருவிளக்கு அணைந்த பிறகும் சாம்பல்தான். ராத்திரிக் காட்சி உள்ள படம் பார்ப்பவர்கள் இந்தப் பெட்டியை வாங்க வேண்டாம்.

ரயிலில் வைத்து எடுத்த படம் ஒன்று இருக்கிறது. லூமியரின் ஆள் அலெக்சாந்தர் புரோமியோ, 1896-ல் வெனிஸில் படகில் கேமராவை வைத்து ஓட்டியவர், மறுவருடம் லிவர்பூலில் உயரப் பாலத்தில் ஓடிய மின்சார ரயிலில் ஏறியிருக்கிறார். ஜன்னலுக்கு வெளியே கப்பல்துறை கப்பல்துறையாக நகர்கிறது, பாய்மரம், புகைபோக்கி, மறுபடி பாய்மரம். இந்த இடத்தில் பெட்டி மாட்டிக்கொண்டது. பக்கவாட்டில் நகரும் காட்சியில் ஒரு விதிர்ப்பு. 16 பிரேமை 60 ஆக்கிக் காட்டும்போது கணக்கு இடிக்கிறது. சில பிரேம் நாலு தடவை, சில பிரேம் மூன்று தடவை. பெரிய கம்பெனி மிஷினிலும் கொஞ்சம் இருக்கும், இதில் கண்ணுக்கே தெரிகிறது. அந்த ரயில் 1956-ல் நின்றுபோனது, பாலத்தையும் மறுவருடம் பிரித்துவிட்டார்கள். இவ்வளவு சொன்ன பிறகும் அந்த 50 செகண்டை விதிர்ப்போடு ஆறு தடவை பார்த்தேன் என்பதையும் சொல்ல வேண்டும்.

இதைச் சரிசெய்ய பெட்டியில் ஒரு வித்தை வைத்திருக்கிறார்கள். படத்தை வழுவழுவென்று ஓட்டும் அமைப்பு. இரண்டு பிரேமுக்கு நடுவே இல்லாத பிரேமைத் தானே வரைந்து கொள்கிறது. போட்டேன். குதிரை வண்டிச் சக்கரத்தின் ஆரங்கள் கரைந்து பாகு மாதிரி ஆகிவிட்டன. விளக்குக் கம்பத்துக்குப் பின்னால் போனவர் முகம் கம்பத்தோடு ஒட்டிக்கொண்டு இழுபட்டது. அணைத்துவிட்டேன். மருமகன் விடவில்லை, அதே பாலத்தை யாரோ கம்ப்யூட்டரில் கலர் ஏற்றி, 60 பிரேம் ஆக்கியதைப் போட்டான். "மாமா, இதுதான் நேர்ல பாக்குற மாதிரி இருக்கு." எங்கள் வீட்டம்மாவும் அவன் பக்கம். "ஆமா, அந்த கோட்டு நீலம் நல்லா இருக்கு." அந்தக் கோட்டு நீலம் என்று கம்ப்யூட்டருக்கு யார் சொன்னது? அந்த ஆளின் பொண்டாட்டியா? இரண்டு ஓட்டு அவர்களுக்கு, ஒரு ஓட்டு எனக்கு. ஆனால் ரிமோட் என்னிடம்.

பெட்டியைத் தலையணை மேல் வைத்து ஓட்டினான் ஒரு நாள். கீழே இருக்கும் காற்றுத் துவாரம் அடைபட்டு, தொட்டால் சுடுகிறது. கையில் ஒரு தட்டு தட்டினேன். 1897 மே 4-ம் தேதி பாரிஸில் ஒரு தர்ம பஜாரில் படம் ஓட்டிக்கொண்டிருந்தபோது, விளக்குக்கு ஈதர் ஊற்றும் இடத்தில் தீ பிடித்து 126 பேர் செத்துப்போனார்கள். படம் ஓட்டுகிற இடத்துக்கு இரும்புக் கதவும் தீயணைப்பு வாளியும் சும்மா வரவில்லை. எல்.இ.டி. என்றாலும் சூடு சூடுதான். பெட்டியை ஸ்டூலில் வையுங்கள்.

ஃபேன் சத்தம் உண்டு. எனக்குப் பிரச்சினை இல்லை. மிஷின் சத்தம் இல்லாமல் படம் பார்த்தால் எனக்குத் தூக்கம் வரும். ஸ்பீக்கர் தகர டப்பா. ஊமைப் படங்களுக்கு யாரோ பியானோ சேர்த்திருந்தார்கள், அதையும் நிறுத்திவிட்டேன். பக்கத்துத் தெருவில் தறி ஓடிக்கொண்டிருந்தது. லண்டன் குதிரைகளுக்கு செல்லூர்த் தறிச் சத்தம் அவ்வளவு பொருத்தமாக விழும் என்று யார் நினைத்தது?

வீட்டம்மாவுக்குப் பிடித்தது ராணியின் வைர விழா ஊர்வலம், 1897 ஜூன் 22. அன்றைக்கு வழி நெடுக இடம் பிடித்துப் பல கம்பெனிக் கேமராக்கள். ஒரு ரோல் ஒரு நிமிடம்கூட வராது, ஊர்வலமோ முடிவில்லாமல் போகிறது. குதிரைப்படை, குதிரைப்படை, நம்ம ஊர்த் தலைப்பாகை கட்டிய சிப்பாய்கள், மறுபடி குதிரைப்படை. சித்திரைத் திருவிழாவில் அழகர் வரும்வரை இதோ வந்துவிட்டார் இதோ வந்துவிட்டார் என்று நிற்போமே, அதே நிலைதான் கைப்பிடியைப் பிடித்து நின்றவனுக்கும். கடைசியில் ஒரு வெள்ளைக் குடை நகர்ந்து போகிறது. "அந்தக் குடைதான் ராணியா?" என்றாள். அந்தக் குடைதான் ராணி. படி ஏற முடியாத வயது என்பதால் செயின்ட் பால் கோயிலுக்குள்ளே போகாமல், வாசலிலேயே வண்டியில் உட்கார வைத்துப் பிரார்த்தனை நடத்தினார்களாம். மதுரையில் மேல வெளி வீதி விக்டோரியா எட்வர்டு ஹாலில், பகலில் வாசகசாலையாகவும் சாயங்காலம் ரீகல் தியேட்டராகவும் இருந்த கட்டடத்தில், பையனாக இங்கிலீஷ் படம் பார்த்திருக்கிறேன். அந்தப் பெயருக்குரிய அம்மா என் மொட்டைமாடிக்கு இப்படிக் குடையாக வந்து போனார்.

இன்னும் ஒன்று சொல்லாமல் முடிக்க முடியாது. மிட்செல், கென்யான் என்று இரண்டு பேர், இங்கிலாந்தின் பிளாக்பர்ன் ஊர்க்காரர்கள். ஆலை விடுகிற நேரம் வாசலில் கேமராவை வைத்து, வெளியே வருகிற அத்தனை பேரையும் எடுத்துவிடுவார்கள். அப்புறம் கொட்டகைக்காரர் விளம்பரம் செய்வார்: வந்து உங்களையே பாருங்கள். தன்னைப் பார்க்க யார்தான் வர மாட்டார்கள்? அவர்களுடைய சுமார் 800 நெகட்டிவ் ரோல்கள் 1994-ல் ஒரு கடையின் நிலவறையில், மூன்று டிரம்களில் கிடைத்திருக்கின்றன. எங்கள் தியேட்டர் மூடியபோது மிச்சமிருந்த ஃபிலிம் எடைக்குப் போனது. நானே தராசுப் பக்கத்தில் நின்றேன்.

ஆக, பெட்டிக்கு என் கணக்கு: ஐந்துக்கு மூன்றரை. வெளிச்சம் எட்டடிச் சுவருக்குப் போதும், அதற்கு மேல் இழுக்காதீர்கள். 4:3-ஐ ஞாபகம் வைத்துக்கொள்ளாத குறை இருக்கிறது. வழுவழுப்பை அணைத்துவிடுங்கள், வேகத்தைக் குறைத்து வையுங்கள். வாங்கும்போது ரிமோட்டைக் கடையிலேயே பத்து தடவை அமுக்கிப் பாருங்கள்.

மருமகனின் வேலைக்கு இன்னொரு பாதி பாக்கி இருந்தது, அவர்களைப் போலவே ஒன்று எடுத்துக் காட்ட வேண்டும். காலை ஆறு மணிக்கு யானைக்கல் பக்கம் ஏ.வி. பாலத்தின் ஓரத்தில் ஸ்டாண்டில் போனை நிறுத்தினோம். அதுவும் தென்கோடிதான், ராபர்ட் பால் நின்ற மாதிரி. ஜூம் கூடாது, திருப்பக் கூடாது, 50 செகண்டுக்கு மேல் கூடாது என்று சொல்லிவிட்டேன். "போர் அடிக்கும் மாமா" என்றான். டவுன் பஸ் வந்தது. பால் கேன் கட்டிய டி.வி.எஸ். வந்தது. பூக்கூடையோடு ஓர் அம்மா, பின்னாலேயே பள்ளிக்கூடப் பையன் ஒருவன். அவன் நின்றான், போனை முறைத்துப் பார்த்தான், கை ஆட்டினான், போனான்.

அன்று ராத்திரி அதைச் சுவரில் போட்டோம். முப்பதாவது செகண்டில் வீட்டம்மா எழுந்தே விட்டாள். "ஐயோ, நம்ம எதிர்வீட்டுக்காரர்!" லுங்கியும் துண்டுமாக அவர்தான் நடந்து வருகிறார். வாக்கிங் போகச் சொல்லியிருக்கிறார் டாக்டர், சுகர். கையில் எண்ணெய் கசிந்த பொட்டலம், வாயில் பாதி வடை.

மறுநாள் அவரைக் கூப்பிட்டுக் காட்டினோம். கோபப்படுவார் என்று பார்த்தால், ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, இன்னொரு தடவை போடுங்கள் என்றார். மூன்று தடவை போட்டோம்.